தாமஸ் வயட்டின் காலில் தொங்கிய கட்டை

கல்லூரிகளில் ஆங்கில இலக்கியம் நடத்தும் ஆசிரியர்களுக்கு,

வணக்கம். நானும் உங்களைப் போன்ற ஒருவரிடம் படித்தவன்தான். பதினாறாம் நூற்றாண்டு ஆங்கிலக் கவிஞர் சர் தாமஸ் வயட்டைப் பற்றி வகுப்பில் எனக்குக் கிடைத்தது மூன்று செய்திகள்: சானெட் என்ற பதினான்கு வரிக் கவிதை வடிவத்தை ஆங்கிலத்துக்குக் கொண்டுவந்தார், இத்தாலியக் கவிஞர் பெட்ரார்க்கை மொழிபெயர்த்தார், பின்னால் எட்டாம் ஹென்றியின் ராணியான ஆன் பொலினைக் காதலித்தாராம். தேர்வு எழுத அது போதுமானதாக இருந்தது. பல வருடம் கழித்து அவருடைய வாழ்க்கையைப் படித்தபோதுதான், அந்தக் கவிதைகளை நான் சரியாகப் படிக்கவே இல்லை என்று தெரிந்தது. அதனால்தான் இந்த மடல்.

வயட்டுக்குக் கென்ட் பகுதியில், மெட்வே ஆற்றங்கரையில் அலிங்டன் கோட்டை சொந்த வீடு. எட்டாம் ஹென்றியின் அரசவையில் உத்தியோகம். ஊரில் நிலக்கிழார், அரண்மனையில் ஊழியர். அந்தக் காலத்துக் கனவான்கள் பலருக்கும் இந்த இரட்டை வாழ்க்கைதான். நிலமும் பட்டமும் ராஜா கொடுப்பது. அவர் முகம் சுளித்தால் இரண்டும் போய்விடும்.

1536 மே மாதம் ஆன் பொலினோடு பலரும் கைதானபோது வயட்டும் லண்டன் கோபுரச் சிறையில் அடைக்கப்பட்டார். மே 17 அன்று ஆனின் சகோதரர் ஜார்ஜ் உட்பட ஐந்து ஆண்களின் தலை வெட்டப்பட்டது. இரண்டு நாளில் ஆனும். சிறையின் மணிக்கோபுரத்திலிருந்து தான் கண்ட காட்சி இரவும் பகலும் தலையை விட்டுப் போகவில்லை என்று வயட் எழுதினார். சிம்மாசனத்தைச் சுற்றி இடி இடிக்கிறது என்ற லத்தீன் வரி அந்தக் கவிதையில் திரும்பத் திரும்ப வருகிறது.

விடுதலையானதும் அலிங்டனுக்கு, அப்பாவின் கண்காணிப்புக்கு அனுப்பினார்கள். நண்பர் ஜான் பாயின்ஸுக்கு எழுதிய கவிதை மடல் இந்தச் சமயத்தில் பிறந்தது என்பது பலரின் கருத்து. அரசவையில் பொய் சொல்லிப் பிழைக்க எனக்கு வராது, இங்கே பனியில் வில்லோடு வேட்டைக்குப் போகிறேன், மழை நாளில் புத்தகத்தோடு உட்காருகிறேன் என்கிறார். அப்புறம் ஒரு வரி: காலில் இன்னும் ஒரு கட்டை தொங்குகிறதாம், ஆனாலும் வேலியையும் வாய்க்காலையும் தாண்ட முடிகிறதாம். அடங்காத மாட்டின் கழுத்தில் தொண்டுக்கட்டை கட்டுவதைப் பார்த்து வளர்ந்த மாணவருக்கு இந்த வரியை விளக்கவே வேண்டாம்.

அவருடைய மான் வேட்டை சானெட்டை இதோடு சேர்த்துப் படியுங்கள். அந்தப் பெண்மானின் கழுத்துப் பட்டையில், தொடாதே, நான் சீசருக்குச் சொந்தம் என்று வைரத்தால் எழுதியிருக்கிறது. அந்த மான் ஆன் தானா என்ற கேள்வியிலேயே எங்கள் வகுப்பு முடிந்துபோனது. மானுக்குக் கழுத்தில் பட்டை, துரத்துகிறவருக்குக் காலில் கட்டை. இரண்டும் ஒரே ராஜா மாட்டியது என்று எனக்குத் தோன்றுகிறது.

1541-இல் மறுபடியும் சிறை. அவருக்குத் துணையாக நின்ற ராஜாவின் அமைச்சர் தாமஸ் கிராம்வெல் அதற்கு முந்தைய ஆண்டே தலை இழந்திருந்தார். 1534 சட்டத்தின்படி வாய்ச்சொல்லே ராஜதுரோகம் ஆகலாம். புனித ரோமப் பேரரசர் ஐந்தாம் சார்லஸிடம் தூதராக இருந்தபோது, நம் ராஜாவை வண்டியின் பின்பக்கமாகத் தள்ளிவிட வேண்டும் என்று வயட் சொன்னதாகக் குற்றச்சாட்டு. ராஜாவை விட்டுவிட்டுப் போய்விடுவார்களோ என்று பயந்து சொல்லியிருப்பேன் என்று அவர் தன் தரப்பு வாதத்தை எழுதினார். ஓர் அசையை மாற்றினாலே உண்மை தலைகீழாகிவிடும் என்று அதில் சொல்கிறார். அசை எண்ணிக் கவிதை கட்டியவர், ஓர் அசையைப் பிடித்துக்கொண்டு உயிருக்கு வாதாடுகிறார்! யாப்பு நடத்துகிற வகுப்பில் சொல்ல இதைவிட வேறென்ன வேண்டும்?

மன்னிப்புக் கிடைத்தது. பல ஆண்டுகளாகப் பிரிந்திருந்த மனைவியைத் திரும்ப ஏற்க வேண்டும் என்பது நிபந்தனை. 1542 அக்டோபரில், பேரரசரின் தூதரை வரவேற்க ஃபால்மவுத்துக்குக் குதிரையில் விரைந்தவர், வழியில் காய்ச்சல் கண்டு ஷெர்போர்னில் இறந்தார். வயது 39 இருக்கும். அவருடைய கவிதைகளில் பல அச்சேறியது 1557-இல். அதிலும் பதிப்பித்தவர்கள் அவருடைய கரடுமுரடான ஓசையை இழைத்து வழவழப்பாக்கிவிட்டார்கள்.

பாடத்திட்டத்தை மாற்றுவது உங்கள் கையில் மட்டும் இல்லை என்று தெரியும். நான் கேட்பது ஒரு மணி நேரம். அடுத்த முறை மான் சானெட்டை நடத்தும்போது, மணிக்கோபுரக் கவிதையையும் பாயின்ஸ் மடலையும் பக்கத்தில் வைத்து, வகுப்பில் ஒருவரைச் சத்தமாக வாசிக்கச் சொல்லுங்கள்.

அன்புடன்,
ஒரு பழைய மாணவன்