தோளில் எஞ்சிய கை

அன்புத் தோழிக்கு,

உன் கடிதத்துக்கு ஏழு மாதங்களாகப் பதில் எழுதாதது என் தவறுதான். கோபித்துக்கொள், ஆனால் இதைப் படித்து முடித்துவிட்டுக் கோபித்துக்கொள். வீட்டில் எல்லோரும் நலம். மகளுக்குத் தேர்வு முடிந்ததா? நீ இன்னமும் எதற்கெடுத்தாலும் "நீலம் போதும்" என்கிறாயா?

பாட்டியின் பெட்டியைத் திறந்துவிட்டேன். அதிலிருந்த துணிகளையும் கடிதங்களையும் புகைப்படங்களையும் கொண்டு ஒரு கலப்பு ஊடகப் படைப்பைத் தொடங்கியிருக்கிறேன். அடியில் அந்தக் குடும்பப் படம் இருந்தது. பெரியத்தை நின்ற இடம் மேலிருந்து கீழ்வரை கத்தரிக்கோலால் வெட்டி எடுக்கப்பட்டிருக்கிறது. ஆனால் பாட்டியின் தோளில் அவர் வைத்திருந்த கையை, தன் உருவத்தையும் சேர்த்து வெட்டாமல் அகற்ற முடியாது என்பதால், பாட்டி அப்படியே விட்டுவைத்திருக்கிறார். மணிக்கட்டோடு முடிகிற ஒரு கை.

அசலைத் தொட மனம் வரவில்லை. அதை அமிலமற்ற தாளில் சுற்றி வைத்துவிட்டு, லேசர் அச்சில் எடுத்த நகலை, அக்ரிலிக் ஜெல் பூசிய பாட்டியின் பருத்தித் துணிமேல் குப்புற ஒட்டினேன். ஜெல் உலர்ந்த பின் தண்ணீர் தொட்டு விரல்நுனியால் தேய்க்கத் தேய்க்கத் தாள் திரிதிரியாக உரிந்து, அச்சு மட்டும் துணியில் தங்கும். முதலில் பாட்டியின் மூக்குக்கண்ணாடி தெரிந்தது. பிறகு அந்தக் கை.

அப்பா வந்து பின்னால் நின்றதை நான் கவனிக்கவில்லை. "அக்காவுக்கு எல்லாமே இடக்கைதானே, இது வலக்கையாக அல்லவா இருக்கிறது" என்றார். குப்புற ஒட்டினால் இடம் வலமாகிவிடும், நகலை முன்பே திருப்பி அச்சிட வேண்டும் என்பதை நான் மறந்திருந்தேன். அத்தை வீட்டைவிட்டுப் போன நாளிலிருந்து அப்பா வாயில் வராத "அக்கா" என்ற சொல், அந்தப் பிழையைத் திருத்துவதற்காக வந்தது. அன்று இரவு வெகுநேரம் பேசினார்.

அன்றிலிருந்து ஒரே கேள்விதான் என்னை அரிக்கிறது: பாட்டி வெட்டி எடுத்ததை ஒட்டிச் சேர்க்க எனக்கு என்ன உரிமை? 1912இல் பிக்காசோ எண்ணெய்த்துணியை ஓவியத்தில் ஒட்டியதைச் சொல்லி, ஒட்டப்பட்ட பொருள் தன்னையே கொண்டுவருகிறது என்று நம் ஆசிரியர் விளக்குவாரே, அதன் கனம் இப்போதுதான் எனக்குப் புரிகிறது. இந்தத் துணியில் பாட்டி போட்ட தையல் இருக்கிறது; அந்த வெட்டும் அவர் கை செய்ததுதான். சிற்பி லூயிஸ் பூர்ஜுவா 2002இல், தொண்ணூறு வயதில், தாம் சேர்த்துவைத்திருந்த துணிகளைத் தைத்தே மறதியைப் பற்றி ஒரு துணிப்புத்தகம் செய்தார். ஆனால் அவர் வெட்டியது தம் சொந்தத் துணியை. நான் கைவைப்பது இன்னொருவரின் கோபத்தில், ஒருவேளை துக்கத்தில்.

ஆகவே வெட்டை மூடப் போவதில்லை. பாட்டியின் நூலாலேயே அதன் விளிம்பை மட்டும் தைக்கிறேன். அந்த இடைவெளிக்குப் பின்னால் வைக்க எனக்கு உன் உதவி வேண்டும். எனக்கு அத்தையின் குரல் நினைவிருக்கிறது, முகம் இல்லை. பக்கத்து வீட்டில் இருந்த நீ, என்னைவிட அதிகமாக அவர் மடியில் உட்கார்ந்தவள். நினைவில் இருப்பதையெல்லாம், சிறிதானாலும், ஒரு தாளில் பென்சிலால் எழுதி அனுப்பு. பால்பாயிண்ட் பேனா வேண்டாம், காலப்போக்கில் அதன் மை மங்கிவிடும். நீ எழுதும் வரை அந்தப் பகுதியை நான் ஒட்டாமல் வைத்திருப்பேன்.

அன்புடன்,
உன் தோழி