அந்தப் படத்தில் பழுது ஒன்றும் இல்லை

இலங்கையின் வடக்கில் குறும்பட விழா நடத்துகிறவர்களுக்கும் நடுவர்களாக இருக்கிறவர்களுக்கும்,

வணக்கம். அண்மையில் கிளிநொச்சியில் ஒரு திரையிடலில் எங்கள் வன்னிப் பிள்ளை ஒருவரின் படத்தைப் பாதியில் நிறுத்தினார்கள். கோப்பு பழுது என்று அறிவித்துவிட்டு அடுத்ததைப் போட்டார்கள். படமே அப்படித்தான் என்று அவர் எழும்பிச் சொன்னதை ஒருவரும் காதில் வாங்கவில்லை. பிறகு நடுவர் ஒருவர், “நல்ல கமராவில் எடுத்து அனுப்பும் பிள்ளை” என்றார். எனக்கு இன்னும் ஆறவில்லை.

அது என்ன படம் என்று சொல்கிறேன். பரந்தனில் இருந்து முல்லைத்தீவுக்குப் போகும் ஏ35 வீதியில், பஸ் யன்னலோரம் இருந்து போனில் எடுத்த ஒரே பயணம். பின்னால் அம்மாவின் குரல். இறுதிப் போரில், 2008 கடைசியிலும் 2009இலும் இதே வீதியால் தருமபுரம், விசுவமடு, உடையார்கட்டு, புதுக்குடியிருப்பு என்று எழும்பி எழும்பிப் போனதை, எங்கே தறப்பாள் கட்டினோம், எங்கே அடுப்பில் சோற்றை விட்டுவிட்டு ஓடினோம் என்று, பக்கத்து வீட்டாரோடு கதைப்பதுபோல் சொல்லிக்கொண்டு போகிறார். டிஜிட்டல் வீடியோ பெரும்பாலும் எல்லாச் சட்டகங்களையும் (ஃபிரேம்களையும்) முழுசாகச் சேமிப்பதில்லை. இடைக்கிடை ஒன்றை முழுதாக வைத்துக்கொண்டு, அடுத்து வருவனவற்றில் எது எங்கே அசைந்தது, என்ன மாறியது என்பதை மட்டும் பதிந்துவைக்கும். அந்த முழுச் சட்டகங்களை எடுத்துவிட்டால் பழைய காட்சி போகாமல் புதிய காட்சியின் அசைவோடு இழுபட்டுக்கொண்டே வரும். டேட்டாமோஷிங் என்பார்கள். ஆகவே பஸ் விசுவமடுவைத் தாண்டிய பிறகும் பரந்தன் பனைகள் திரையை விட்டுப் போகவில்லை, புதுக்குடியிருப்புக் கடைகளின் மேல் உருகிக் கிடக்கின்றன. இத்தனை இடம் மாறியும் அந்த அம்மா முதல் விட்ட வீட்டு முற்றத்தை விட்டு வரவே இல்லை என்பதை நான் வேறெந்தப் படத்திலும் இப்படிக் கண்ணால் கண்டதில்லை.

இதைத்தான் பழுது என்றீர்கள்.

2022 மின்வெட்டுக் காலத்தில் கரண்ட் வரும் நேரம் பார்த்து, பழைய மடிக்கணினியில், பிளெண்டர் மாதிரி இலவச மென்பொருள்களை வைத்துத் தானாகப் படித்தவர் அவர். ஒரு சட்டகம் எங்கே உடைய வேண்டும் என்று இரவிரவாக இருந்து தீர்மானித்தவருக்குப் போய்க் கமராவைப் பற்றிப் பாடம் எடுக்கிறோம்!

சில விழாக்களின் விண்ணப்பப் படிவத்தில் காட்சியின் அளவு 1920க்கு 1080 பிக்சலுக்குக் குறைந்தால் ஏற்கமாட்டோம் என்று இருக்கிறது. எங்கள் சனத்திடம் மிஞ்சியது என்ன என்று யோசித்துப் பாருங்கள். கல்யாண அல்பங்கள் பங்கர்களிலும் வாய்க்கால்களிலும் போய்விட்டன. முள்ளிவாய்க்காலில் நடந்ததை உலகம் பார்த்ததில் எவ்வளவோ கைத்தொலைபேசியில் எடுத்த, பெட்டி பெட்டியாக உடைந்த மங்கல் வீடியோக்கள்தான். அதைப் பார்த்து வளர்ந்த பிள்ளை உடைந்த காட்சியையே தன் மொழியாக எடுத்தால் அது தகுதிக் குறைவா?

இன்னொன்றும் இருக்கிறது, புலம்பெயர் நாடுகளில் விழா நடத்துகிறவர்களுக்கும் சேர்த்துச் சொல்கிறேன். வன்னியில் இருந்து வருகிற படம் என்றால் அழ வைக்க வேண்டும், கடைசியில் ஒரு செய்தி சொல்ல வேண்டும் என்று எதிர்பார்க்கிறீர்கள். வடிவத்தோடு விளையாடுவது கொழும்பாருக்கும் வெளிநாட்டாருக்கும், கதறுவது எங்களுக்கு என்றால் அது என்ன பங்கீடு? எங்கள் பிள்ளைகள் துயரத்தை மட்டும் கொண்டுவந்து தருகிறவர்கள் இல்லை, அதை எப்படிப் பார்ப்பது என்றும் யோசிக்கிறவர்கள்.

படிவத்தில் உள்ள அந்த அளவு நிபந்தனையை எடுத்துவிடுங்கள். கதை இல்லாத, பரிசோதனையான படங்களுக்கு ஒவ்வொரு விழாவிலும் கொஞ்ச நேரமாவது ஒதுக்குங்கள். திரையில் ஏதாவது விசித்திரமாகத் தெரிந்தால், நிறுத்துவதற்கு முன் எடுத்தவரிடம் ஒரு வார்த்தை கேளுங்கள், அவர் பெரும்பாலும் அதே மண்டபத்தில்தான் இருப்பார். இந்தப் படத்தைக் கிளிநொச்சியிலேயே திரும்பப் போட்டு, முடிந்ததும் அவரைப் பேசவிடுங்கள். இந்த முறை அம்மாவையும் கூட்டிக்கொண்டு வருவார்.