நானா காதல் கதை இல்ல

ஆசிரியர் ஐயாவுக்கு வணக்கம்,

போன ஞாயிறு உங்கட சினிமாப் பக்கத்தில நானா எண்ட யப்பான் படத்தைப் பத்தி ஒரு குட்டிக் குறிப்புப் போட்டிருந்தீங்க, ரெண்டு பொம்பிளைப் புள்ளைகள்ட காதல் கதை, கார்ட்டூனாவும் வந்திருக்கு, வீட்டில சின்னாக்களோட இருந்து பாக்கலாம் எண்டு. நான் அந்தப் படத்துக்கு மூலமான கொமிக்கை ரெண்டு தரம் வாசிச்சவள், படம் ரெண்டும் பாத்தவள், அனிமே எண்டிற அந்தக் கார்ட்டூன்ட 47 எபிசோட்டையும் ராவு ராவா முழிச்சிருந்து பாத்து முடிச்சவள், அதால வாயை மூடிக்கொண்டு இருக்க ஏலாமப் போச்சு. சின்னாக்களோட இருந்து பாத்தீங்க எண்டா பாதியிலேயே டீவிய ஓஃப் பண்ண வேண்டி வரும், அதை முதல்ல சொல்லிர்றன்.

யப்பான் எண்டா எங்கட பக்கத்து ஆக்களுக்கு யப்பான் உதவியில கட்டி 2014 இல திறந்த மண்முனைப் பாலமும், டீவியில போன ஓஷினும்தான். ஓஷின் கொமிக்கில இருந்து வந்ததில்ல, டீவிக்கெண்டே எழுதின நாடகம், ஆனா ஒரு மூட்டை அரிசிக்காக அடுத்த வீட்டு வேலைக்கு அனுப்பின அந்தப் புள்ளைய எங்கட அம்மா இப்பவும் சொந்தக்காரப் புள்ள மாதிரித்தான் கதைப்பா. நானாவையும் அந்த வரிசையில வைச்சுப் பாக்கணும் எண்டதுதான் என்ட கதை.

நானா எண்டா அவங்கட பாசையில ஏழு. (கொழும்புப் பக்கம் முஸ்லிம் ஆக்கள் அண்ணனை நானா எண்டுவாங்க, எங்கட பக்கம் காக்கா, அதால தலைப்பைப் பாத்துச் சிரிச்ச ஆக்களும் இருக்கிறாங்க.) கதையில ரெண்டு பேருக்கும் அதே பேர், ரெண்டு பேருக்கும் 20 வயசு, டோக்கியோ போற கோச்சியில பக்கத்துப் பக்கத்து சீட், பனியில கோச்சி நடுவழியில நிண்டு போக, சும்மா இருக்க ஏலாம கதைச்சுப் பழகுறாங்க. எங்கட மட்டக்களப்புக் கோச்சி உதயதேவி யானைக்கு நிக்குமே, அப்பிடி எண்டு வைங்களன். மறுகா ஏழாம் மாடியில 707 ஆம் நம்பர் ஃபிளாட்டை ரெண்டு பேருமாச் சேர்ந்து வாடகைக்கு எடுக்கிறாங்க. ஒருத்தி ஓசாகி, பிளாக் ஸ்டோன்ஸ் எண்ட பேண்ட்ல பாடுறவள். மத்தவள் கொமாட்சு, காதலனுக்குப் பின்னால டோக்கியோ வந்தவள், ஆராவது அன்பா ரெண்டு வார்த்தை கதைச்சாக் காணும், அவங்களுக்குப் பின்னால போயிருவாள், அதால ஓசாகி அவளுக்கு ஹச்சி எண்டு நாய்க்குட்டிக்கு வைக்கிற மாதிரி ஒரு பேர் வைக்கிறாள். செத்துப்போன எசமானுக்காக ஸ்டேசன்ல காத்துக் கிடந்த நாய்ட பேரும் அதுதான், ஹச்சி எண்டா எட்டும்தான், ஏழுக்குப் பக்கத்தில எட்டு.

இதை எழுதி வரைஞ்சது ஐ யசாவா எண்ட பொம்பிளை, 2000 இல குக்கி எண்ட மாசப் புத்தகத்தில தொடங்கினது, 5 கோடிப் பிரதிக்கு மேல போயிருக்கு. 2005 இல வந்த முதல் படம் யப்பான்ல 400 கோடி யென்னுக்கு மேல ஓடினது, ஓசாகியா நடிச்ச மிகா நகாஷிமா உண்மையிலயே பாட்டுக்காரி, அந்தப் படத்துப் பாட்டுக்கு வரி எழுதினதும் யசாவாதான். படம் வடிவான படம், நான் இல்லையெண்டு சொல்லல்ல. ஆனா அது கொமிக்ட ஆரம்பத்தை மட்டும் எடுத்து, இனித்தான் பிரச்சினை வரப்போகுது எண்டிற இடத்தில நிப்பாட்டிப் போட்டுது. அதை மட்டும் பாத்த ஆளுக்கு ரெண்டு சிநேகிதிமார் சந்தோசமா இருந்தாங்க எண்டுதான் விளங்கும், உங்கட குறிப்பை எழுதினவரும் அதோட எழும்பிட்டார் போல.

அதுக்குப் பிறகு என்ன நடக்குது எண்டா, ஹச்சி ஓசாகிட பேண்ட்ல கிட்டார் வாசிக்கிற நோபுவோட பழகிக்கொண்டு இருக்கக்குள்ள வயித்தில புள்ள எண்டு தெரிய வருது, அது நோபுடதா இல்லாட்டி போட்டி பேண்ட்டை நடத்துற டக்குமிடதா எண்டு அவளுக்கே சரியாத் தெரியா, டக்குமி நான் பொறுப்பு எண்டு சொல்றான், இவள் விரும்பின பொடியனை விட்டுட்டு அவனோட போறாள். அதோட 707 முடிஞ்சுது. ஓசாகி குடிச்சு ஆடல்ல, கத்தல்ல, ஆனா மூச்சு எடுக்க ஏலாம நிலத்தில குந்துறாள். தன்ட காதலனுக்காக இல்ல, ஹச்சி போனதுக்காக. இதைக் காதல் கதை எண்டு எழுத எப்பிடி மனம் வந்திச்சு?

எனக்கு இது சுட்டதுக்குக் காரணம் இருக்கு. 2008 இல நான் வெள்ளவத்தையில ஒரு அனெக்ஸ்ல அக்கரைப்பத்துப் புள்ள ஒண்டோட ரூம்ல இருந்தன். வீட்டுக்காரம்மா சமைக்க விடமாட்டா, ஹீட்டர்ல தண்ணி கொதிக்க வைச்சு நூடுல்ஸ், புறக்கோட்டை பேவ்மெண்ட்ல வாங்கின ஒரே மாதிரி ரெண்டு கப், ஒண்டு பச்சை ஒண்டு சிவப்பு. கொமிக்கில ஹச்சி வாங்கிற ஸ்ட்ரோபெரி கிளாஸ் சோடியைக் கண்டதும் எனக்கு அந்தக் கப்புத்தான் ஞாபகம் வந்த. அவளுக்குக் கலியாணம் சரிவந்து ஒரு வெள்ளிக்கிழமை காக்கா வேன் கொண்டு வந்து சாமானெல்லாம் ஏத்தினார், அவள் சிவப்புக் கப்பை விட்டுட்டுப் போனாள், "நீ வெச்சிரு கா, நான் வருவன்தானே" எண்டு. வரல்ல. அவளைக் குறை சொல்ல என்ன இருக்கு, நானும் அங்க போகல்லதானே. பச்சைக் கப்புட பிடி கழண்டு போச்சு, சிவப்பு இப்பவும் குசினியில மஞ்சள் தூள் போட்டு வைக்கிறது.

இதில எங்கட மட்டக்களப்பு அம்பாறை ஆக்களுக்கு விளங்கக்கூடிய ஒண்டு இருக்கு. எங்கட பக்கம் தமிழாக்களும் சரி முஸ்லிமாக்களும் சரி வீடு பொம்பிளைப் புள்ளைக்குத்தான், குடி எண்டிற வம்சமும் தாய்வழிதான், மாப்பிளைதான் பையைத் தூக்கிக்கொண்டு வருவார். ஹச்சி களுவாஞ்சிகுடியில பிறந்திருந்தா டக்குமிதான் அவள்ட தாய்ர வளவுக்கு வந்திருப்பான், மாமியார்ட வாயையும் கேட்டிருப்பான். ஆனா ஓசாகியை யோசிச்சுப் பாருங்க. நாலு வயசில தாய் விட்டுட்டுப் போய், அம்மம்மாவோட வளந்து, அம்மம்மாவும் 15 வயசில இல்லாமப் போன புள்ள. தாய்வீடு எண்டு ஒண்டு இல்லாதவள், அவளுக்கு அந்த ஏழாம் மாடிதான் தாய்வீடு. எங்கட ஊர்லயும் அப்பிடி எத்தனை பேர் இருக்காங்க, சண்டையில வளவும் போய் ஆக்களும் போய். பொம்பிளைக்கு வீடு குடுக்கிற ஊர் எண்டு நாங்க பெருமைப்படுறம், குடுக்க ஆளில்லாதவளைப் பத்தி ஒரு கதையும் இல்ல. உங்கட மகளிர் பக்கத்தில வாரா வாரம் முகத்துக்குக் கடலை மா பூசிறது வருது, ஒரு கிழமை அதை நிப்பாட்டிப் போட்டு இதை எழுதலாமே.

அனிமே படத்தை விட மேல், 2006 இலயும் 2007 இலயும் போனது, கொமிக்கை அவசரப்படாமப் பின்பற்றும், ஆனா அதுவும் கொமிக் போன தூரத்துக்குப் போகல்ல. கொமிக்குக்கும் முடிவில்ல, 2009 இல யசாவாவுக்கு வருத்தம் வந்து 21 ஆம் புத்தகத்தோட நிண்டு போச்சு. அக்காட மகள் இப்ப போன்ல 12 ஆவது வாசிக்கிறாள், ரெண்டு பேரும் திரும்பச் சேருவாங்களா சித்தி எண்டு நாளைக்கு ரெண்டு தரம் கேக்கிறாள், நான் பேசாம வாசி எண்டிறன்.

மற்றது, குறிப்போட நீங்க போட்ட போட்டோ முதல் படத்திர இல்ல, 2006 இல வந்த நானா 2 ட. அதில ஹச்சியா நிக்கிறது யுயி இச்சிகாவா, கீழ நீங்க முதல் படத்தில ஹச்சியா நடிச்ச மியாசாகிட பேரைப் போட்டிருக்கீங்க. அதைத் திருத்திப் போடுங்க.

இப்படிக்கு,
களுவாஞ்சிகுடியில இருந்து ஒரு வாசகி