உளி படாத அம்மி

ரங்கூன்

அன்பு நண்பா,

உன் கதை வந்து சேர்ந்தது. கண்புரை எடுத்த பிறகு நான் முழுதாகப் படித்த முதல் எழுத்து அதுதான். காலத்திலேயே உளி வைத்துக் குறி பொறிக்கும் ஒரு கூட்டம்; குறி விழுந்த நாழிகை மட்டும் கரையாமல் நிற்கும்; வேண்டியவர்கள் அதற்குள் போய் வரலாம். இரண்டு தடவை படித்தேன். நிஜமாக இருந்தால் எவ்வளவு நன்றாக இருக்கும் என்று ராத்திரி வெகுநேரம் தூங்காமல் கிடந்தேன்.

ஆனால் உன் கதையில் வரும் பெரியவர் ராஜாவின் பட்டாபிஷேக முகூர்த்தத்திலா குறி போட வேண்டும்? இங்கே பர்மாவின் பழைய தலைநகரமான பகானில் 13ஆம் நூற்றாண்டுத் தமிழ்க் கல்வெட்டு ஒன்று இருக்கிறதே. மலைமண்டலத்து, அதாவது கேரளத்து, மகோதயர்பட்டணத்திலிருந்து வந்த குலசேகர நம்பி, அங்கிருந்த நானாதேசி விண்ணகரம் என்ற பெருமாள் கோயிலுக்கு மண்டபம் எடுத்து, கதவு போட்டு, நின்று எரிய ஒரு நிலைவிளக்கும் கொடுத்ததாகச் சொல்கிறார். கடல் தாண்டி வந்த மனுஷனுக்குச் சொல்லிவைக்கத் தோன்றியது ஒரு கதவும் ஒரு விளக்கும். அதற்கு முன்னால் உன் ராஜா எனக்குச் சின்னவனாகத் தெரிகிறான்.

நேரத்தையும் மாற்று. வெறுமனே உச்சிப்பொழுது என்று விட்டுவிட்டாய். நாம் பிறந்த ஊரில் வாரத்துக்கு எட்டுக் கிழமை என்பது மறந்துபோச்சா? பர்மாக்காரர்கள் புதனை நடுவில் பிளந்து, மத்தியானத்துக்கு மேல் உள்ளதை ராகுவுக்கு விட்டிருக்கிறார்கள். நம் கணக்கிலும் புதன் ராகுகாலம் 12 மணி முதல் 1.30 வரை. இரண்டு ஜனங்களின் கணக்கும் ஒன்றன்மேல் ஒன்று படிகிற ஒன்றரை மணி நேரம் அது. உளி இறங்க அதைவிட நல்ல இடம் எங்கே கிடைக்கும்? நீ பிறந்ததும் புதன் மத்தியானம்தான். போன வாரம் சுவேடகோன் பகோடாவுக்குப் போயிருந்தேன். ராகு கிழமைக்காரர்களுக்கான தந்தமில்லா யானை இருக்கும் வடமேற்கு மூலையில் உன் பேர் சொல்லித் தண்ணீர் ஊற்றிவிட்டு வந்தேன்.

இன்னொன்று. 1964இல் நீங்கள் பர்மாவை விட்டுக் கப்பலேறப் போன அன்று, உன் அப்பாவும் என் அப்பாவுமாகத் தூக்கி வந்து எங்கள் வாசலில் இறக்கிய அம்மி இன்னும் இருக்கிறது. "வழவழன்னு ஆயிடுச்சு, கொத்தி வச்சுக்குங்க" என்று மட்டும் சொல்லிவிட்டு உன் அம்மா திரும்பிப் பார்க்காமல் போனார். என் அம்மா கடைசிவரை அதைக் கொத்த விடவில்லை. கொத்தினால் உன் அம்மா கைபட்ட வழவழப்பு போய்விடும் என்பார். மசாலா பாதி அரைந்தும் அரையாமலும் இருக்கும். அதைத்தான் சாப்பிட்டு வளர்ந்தேன். இப்போது என் வீட்டில் அதில் அரைப்பதில்லை, துடைத்து வைப்பதோடு சரி.

உன் கூட்டத்தில் எல்லோர் கையிலும் உளி இருக்கிறது. உளியைக் கிட்டே விடாமலே ஒரு நாழிகையைக் காப்பாற்றிய பெண் ஒருத்தியை அதில் சேர்க்க முடியுமா என்று பார்.

அடுத்த பகுதியைக் கொஞ்சம் பெரிய எழுத்தில் அனுப்பு.

என்றும் உன்,
பக்கத்து வீட்டுக்காரன்