கொச்சில இருக்குற என் பொண்ணுக்கு

கண்ணு, நல்லா இருக்கியா. போன் பண்ணா மீட்டிங்னு வெச்சுடுற, அதான் டைப் பண்ணி அனுப்புறேன்.

நீ சொன்னியேன்னு தி கிரேட் இந்தியன் கிச்சன்ங்கற மலையாளப் படம் பாத்தேன், 2021ல ஜியோ பேபி எடுத்தது. உங்கப்பா பாதியிலயே எந்திரிச்சுட்டாரு, ஒரே இழுவை, காய் நறுக்குறதையும் பாத்திரம் கழுவுறதையுமே காட்டுறான்னு. எனக்கு இழுவையாவே தெரியல, நம்ம பொழப்பு அப்படித்தானே ஓடுது. அந்த மாமனாரு கத்திப் பேசவேமாட்டாரு, மோளேன்னு பாசமாத்தான் கூப்புடுவாரு, ஆனா சோறு குக்கர்ல வெக்கக்கூடாது விறகடுப்புலதான் வெக்கணும், சட்னிக்கு மிக்சி ஆகாது, பல்லு வெளக்க பிரஷ்ஷக்கூட பொம்பளதான் எடுத்துக் கைல குடுக்கணும். புருஷன்காரன் ஸ்கூல்ல குடும்பம்னா என்னன்னு பாடம் எடுக்குறவன், வீட்டுல முருங்கக்கா சக்கைய டேபிள் மேலயே துப்பிட்டுப் போறான். சிங்க் ஒழுகுது பிளம்பரக் கூப்புடுங்கன்னு அந்த மருமகளும் சொல்லிச் சொல்லிப் பாக்குறா, அவனுக்கு ஞாபகமே வராது. அந்த அழுக்குத் தண்ணி நாத்தம் எனக்கே அடிச்ச மாதிரி இருந்துச்சு போ.

கும்பளங்கி நைட்ஸ் படத்துல வர்ற ஷம்மியும் இதே ஜாதிதான், சிரிச்ச மூஞ்சியோட பொண்டாட்டி வீட்டுல சாப்பாட்டு டேபிள்ல தலைமாட்டு சேர்ல போய் உக்காந்துக்குவான், பகத் பாசில் என்னமா பண்ணியிருக்கான். 2011 கணக்குப்படியே நூத்துக்குத் தொண்ணூறு பொம்பளைங்களுக்கு மேல எழுதப் படிக்கத் தெரிஞ்ச ஊரு கேரளா, அப்புறமும் வீட்டுக்குள்ள இதான் நெலமைன்னு அவங்களே எடுத்துக் காட்டுறாங்க பாரு, அந்தத் தில்லு பிடிச்சிருக்கு.

ஆனா ஒண்ணு கண்ணு, மலையாள சினிமாவுல வேல பாக்குற பொம்பளைங்க கஷ்டத்த விசாரிச்ச ஹேமா கமிட்டி ரிப்போர்ட் 2024 ஆகஸ்ட்ல வந்துச்சுல்ல, நம்ம நடிகை சாரதாவும் அந்தக் கமிட்டில மெம்பரு, 2019லயே குடுத்தத அவ்ளோ வருஷம் அமுக்கி வெச்சிருந்தாங்க. ஷூட்டிங்ல டாய்லெட் இல்லாம பொம்பளைங்க தண்ணி குடிக்காமயே இருந்திருக்காங்களாம், படிக்கறப்ப வயிறு எரிஞ்சிது. ஸ்கிரீன்ல இவ்ளோ நியாயம் பேசுறவங்க செட்டுல ஒரு பாத்ரூம் கட்ட மாட்டாங்களா, அந்த வாத்தியாருக்கும் இவங்களுக்கும் என்னடி வித்தியாசம்?

உன் ஆபீஸ்ல மலையாளப் பொண்ணுங்க இதப்பத்தி என்ன பேசிக்கறாங்க, கேட்டுச் சொல்லு. அடுத்து என்ன படம் பாக்கலாம்னும் அனுப்பு, உங்கப்பாவுக்குச் சேத்தி கேக்கல, எனக்கு மட்டும்.

அம்மா