செயலாளரின் ஆண்டறிக்கை, 2024–25

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, செயற்குழு உறுப்பினர்களே, அல்சூரிலிருந்தும் ஸ்ரீராமபுரத்திலிருந்தும் பிள்ளைகளோடு வந்திருக்கும் பெற்றோர்களே, அனைவருக்கும் வணக்கம்.

2024 ஆகஸ்ட் இறுதியில் நம் பெங்களூரு கண்டீரவா விளையாட்டரங்கில் 63ஆவது தேசிய ஓப்பன் தடகளப் போட்டி நடந்தது. வென்றவர்கள் பட்டியலைப் பத்திரிகையில் படித்திருப்பீர்கள். சங்கம் உறுப்பினர்களைக் கேலரிக்கு அனுப்பியது அளவெடுப்பது, தடைகள் வைப்பது, நேரம் எடுப்பது போன்ற களப்பணியைக் கவனிப்பதற்காக. அங்கே எடுத்த குறிப்புகளே இந்த ஆண்டு நம் ஞாயிற்றுக்கிழமைப் பயிற்சிகளுக்குப் பாடமாக அமைந்தன.

அதிக நேரம் எடுத்துக்கொண்டது காற்றின் வேகத்தை அளக்கும் காற்றுமானி. 2022இல் கோழிக்கோட்டில் நடந்த ஃபெடரேஷன் கோப்பையில் நம் ஜெஸ்வின் ஆல்ட்ரின் நீளம் தாண்டுதலில் 8.37 மீட்டர் தாண்டித் தங்கம் வென்றார். ஆனால் பின்காற்று விநாடிக்கு 4.1 மீட்டர். 8.36 தாண்டிய ஸ்ரீசங்கருக்கு 1.5தான். சாதனையாக ஏற்கப் பின்காற்றின் வரம்பு 2.0 என்பதால் தேசியச் சாதனை ஸ்ரீசங்கருக்குப் போனது. ஜெஸ்வின் அடுத்த ஆண்டு பெல்லாரியில் 8.42 தாண்டி அதைத் தன் பெயருக்கு மாற்றினார். ஒரு கருவி காட்டும் எண்ணுக்கு இவ்வளவு மதிப்பு இருக்கும்போது, அதை எங்கே வைக்கிறோம் என்பதில் அலட்சியம் கூடாது.

நீளம் தாண்டுதலில் காற்றுமானி தாண்டும் கோட்டிலிருந்து 20 மீட்டர் தள்ளி, ஓடுபாதையிலிருந்து 2 மீட்டருக்குள், 1.22 மீட்டர் உயரத்தில் இருக்க வேண்டும். வீரர் 40 மீட்டர் குறியைக் கடந்ததும் 5 விநாடி அளக்க வேண்டும். மும்முறைத் தாண்டுதலுக்கு அந்தக் குறி 35 மீட்டர். 100 மீட்டர் ஓட்டத்துக்கு அளக்கும் நேரம் 10 விநாடி, 100, 110 மீட்டர் தடை ஓட்டங்களுக்கு 13 விநாடி. ஒரு தசம இடத்துக்கு முழுமையாக்கும்போதுதான் பலர் தவறுகிறார்கள்: +2.03 என்றால் +2.1, −2.03 என்றால் −2.0. கருவிக்கு முன்னால் ஒருவர் குடை பிடித்து நின்றாலும் அளவு பொய்யாகிவிடும். பெங்களூரு உயரமான ஊர், இங்கே செய்த சாதனை செல்லாதா என்று சில பெற்றோர் கேட்டார்கள். 1000 மீட்டருக்கு மேல் இருந்தால்தான் உயரத்தைக் குறிப்பிடும் வழக்கம். அங்கேயும் சாதனை செல்லும். நம் ஊர் ஏறத்தாழ 920 மீட்டர்தான்.

மணல் குழியில் மணல் மட்டம், கால் ஊன்றித் தாண்டும் பலகையின் மேல்பரப்போடு சமமாக இருக்க வேண்டும். தாழ்ந்தால் தூரம் கூடும், உயர்ந்தால் குறையும். காய்ந்த மணலில் குதிகாலின் தடம் சரிந்து மூடிவிடும். ஆகவே போட்டிக்கு முன் நீர் தெளித்துக் கிளறுவது கட்டாயம். டேப்பின் பூஜ்யம் மணல் பக்கம், வாசிப்பு பலகைப் பக்கம். சென்டிமீட்டருக்குக் கீழே உள்ளதை விட்டுவிட வேண்டும்.

பிள்ளைகளுக்கு நேரடியாக அடிபடக்கூடிய இடம் தடை ஓட்டம். ஹர்டில் எனப்படும் தடையின் அடிக்கால்களில் நகரும் எடைக்கட்டிகள் உண்டு. மேல்கட்டையின் நடுவில் 3.6 முதல் 4 கிலோ விசையில் தடை சாய வேண்டும். பெண்களுக்கான 83.8 சென்டிமீட்டரிலிருந்து ஆண்களுக்கான 106.7க்கு உயர்த்தும்போது எடையைத் தூணிலிருந்து தள்ளி நகர்த்தாவிட்டால், லேசாகத் தொட்டாலே விழுந்துவிடும். திரும்ப இறக்கும்போது நகர்த்த மறந்தால் இன்னும் மோசம்: கால் பட்டாலும் சாயாது, முழங்காலில் அடிபடும். அடிக்கால்கள் ஓடிவருபவர் பக்கமே நீட்டிக்கொண்டிருக்க வேண்டும். திருப்பி வைத்த தடை சாயவே சாயாது. ஒரு பள்ளி விளையாட்டு விழாவில் இப்படி ஒரு வரிசையே திரும்பியிருந்ததை நம் உறுப்பினர்கள் ஓட்டத்துக்கு முன் கண்டு மாற்றினார்கள். இடைவெளிகளை மனப்பாடம் செய்யுங்கள்: ஆண்கள் 110க்குத் தொடக்கக் கோட்டிலிருந்து முதல் தடை வரை 13.72, தடைகளுக்கு இடையே 9.14, கடைசித் தடையிலிருந்து முடிவுக் கோடு வரை 14.02 மீட்டர், பெண்கள் 100க்கு அதே வரிசையில் 13.00, 8.50, 10.50.

4×100 தொடர் ஓட்டத்தில் பேட்டன் என்னும் கோலை அடுத்தவரிடம் கொடுக்க வேண்டிய மாற்று மண்டலம் 30 மீட்டர். பார்க்க வேண்டியது பேட்டன் எங்கே இருக்கிறது என்பதை, கால் எங்கே இருக்கிறது என்பதை அல்ல. தவறு கண்டால் மஞ்சள் கொடி.

கைக் கடிகாரத்தில் நேரம் எடுப்பவர்கள் துப்பாக்கியின் புகையையோ வெளிச்சத்தையோ பார்த்துத்தான் அழுத்த வேண்டும். 100 மீட்டர் தூரத்துக்குச் சத்தம் வந்து சேர ஏறத்தாழ 0.3 விநாடி ஆகும். அதற்குள் பதக்கமே மாறிவிடும். கைக் கடிகார நேரத்தை மேல்நோக்கியே முழுமையாக்க வேண்டும்: 10.11 வந்தால் 10.2 என்றே எழுத வேண்டும்.

வரும் ஆண்டில் ஒரு ஸ்பிரிங் தராசும் ஒரு எஃகு டேப்பும் வாங்கச் செயற்குழு பரிந்துரைக்கிறது. தராசின் கொக்கியை மேல்கட்டையின் நடுவில் மாட்டி, கிடைமட்டமாக இழுத்தால் ஒவ்வொரு ஹர்டிலையும் சோதித்துவிடலாம். துணி டேப் இழுத்தால் நீளும், அதை இனிப் போட்டிகளில் எடுக்க வேண்டாம். காற்றுமானியை இப்போதைக்கு வாடகைக்கே எடுக்கலாம்.

வரவு செலவைப் பொருளாளர் வாசிப்பார். விடியற்காலை ஐந்தரை மணிக்கே மைதானத்துக்கு வந்து மணல் கிளறிய இளைஞர்களுக்கும், தேநீர் கொண்டுவந்த அக்காமார்களுக்கும் சங்கத்தின் நன்றி. இவ்வறிக்கையைப் பேரவையின் ஒப்புதலுக்கு வைக்கிறேன்.

செயலாளர்