பேத்தியின் ஆங்கிலக் கேள்விகள்

அன்புள்ள சண்முகம்,

நலம். உன் கடிதம் போன வாரமே வந்துவிட்டது. சின்னவளுக்கு வளைகாப்பு, அந்த அலைச்சலில் உட்கார்ந்து எழுத நேரம் வாய்க்கவில்லை. கண் ஆபரேஷனுக்குப் பிறகு எல்லாம் பளிச்சென்று தெரிவதாக எழுதியிருக்கிறாய். கையெழுத்து மட்டும் அதே கோழிக் கிறுக்கல்தான், போ.

உன் பேத்தி விஷயத்துக்கு வருகிறேன். 'டிஸ்கஸ் அபௌட்' என்று எழுதியதற்கு மார்க் போய், ஏனென்று யாரும் சொல்லாமல் விட்டுவிட்டார்களாமே. டிஸ்கஸ் என்றாலே ஒன்றைப் பற்றிப் பேசுவதுதான். அதனால் அபௌட் வேண்டாம். ஆனால் பிள்ளை அப்படி எழுதியதில் ஒரு நியாயம் இருக்கிறது. மனசுக்குள் 'அதைப் பற்றிப் பேசினோம்' என்று ஓடுகிறது, கை அபௌட் போட்டுவிடுகிறது.

பேங்கில் லோன் மனுக்களைப் படித்த காலத்திலேயே இதைக் கவனித்திருக்கிறேன். நம் ஆட்கள் செய்யும் தப்பில் முக்கால்வாசி, தமிழ் வேற்றுமை உருபை அப்படியே ஆங்கிலத்தில் ஒட்டுவதால் வருவது. 'என் மேல் கோபம்' என்பதால் 'ஆங்ரி ஆன் மீ'. வெள்ளைக்காரன் ஊரில் அது 'ஆங்ரி வித் மீ'. 'கணக்கில் கெட்டி' என்பதால் 'குட் இன் மேத்ஸ்'. வெள்ளைக்காரன் 'குட் அட்' என்பான். 'அறைக்குள் நுழைந்தான்' என்ற 'உள்' போய் 'என்டர்ட் இன்டூ தி ரூம்' ஆகிறது, என்டர்ட் போதும். 'என்னைவிட சீனியர்' என்பது 'சீனியர் தேன் மீ' ஆகும். சீனியர், ஜூனியர் இரண்டும் லத்தீன் வழி வந்தவை, 'டு' தான் கேட்கும். இதையெல்லாம் தப்பு என்று சிவப்பு மையில் சுழித்தால் மட்டும் பிள்ளைக்கு ஏறாது. தமிழில் எந்த உருபு இழுக்கிறது என்று காட்டினால் ஏறும்.

அதிகமாகப் பாடுபடுத்துவது நம் 'இல்'தான். பஸ்ஸில், காரில், திங்கட்கிழமையில், ஜூனில் எல்லாம் நமக்கு ஒன்றே. அவர்களுக்கு இன், ஆன், அட் என்று மூன்று. வண்டிக்கு ஒரு வழி சொல்லிக் கொடு: உள்ளே எழுந்து நடக்க முடிந்தால் ஆன். பஸ், ரயில், விமானம், கப்பல் எல்லாம் அதில் அடங்கும். தலை இடிக்கக் குனிந்து உட்கார்ந்தால் இன், அதாவது கார், டாக்ஸி, நம் ஆட்டோ. சைக்கிளும் குதிரையும் மேலே ஏறி உட்கார்வது, ஆகவே ஆன். நாள், தேதிக்கு ஆன், மாதம், வருஷத்துக்கு இன், மணிக்கு அட். 'இன் த மார்னிங்' என்றுவிட்டு ராத்திரிக்கு மட்டும் 'அட் நைட்' என்பது ஏன் என்று கேட்பாள். அப்படித்தான், மனப்பாடம் செய் என்று சொல்லிவிடு.

சில இடத்தில் தமிழ் கைகொடுக்கவும் செய்யும். சின்ஸ், ஃபார் குழப்பத்துக்கு நம் மொழியிலேயே விடை இருக்கிறது. 'இரண்டு மணியிலிருந்து காத்திருக்கிறேன்' என்றால் சின்ஸ், 'இரண்டு மணி நேரமாகக் காத்திருக்கிறேன்' என்றால் ஃபார். 'இருந்து' வந்தால் சின்ஸ், 'ஆக' வந்தால் ஃபார். 'வெயிட்டிங் சின்ஸ் டூ அவர்ஸ்' என்று இனி எழுதமாட்டாள், பார்.

வாக்கியத்தை இன், ஆன், டு மாதிரி ப்ரிபோசிஷனில் முடிக்கக் கூடாது என்று நமக்கு அடித்துச் சொல்லிக் கொடுத்தார்களே, அதை மட்டும் அவளிடம் கடத்தாதே. 1672இல் டிரைடன் என்ற கவிஞர், முந்தைய தலைமுறை நாடகாசிரியர் பென் ஜான்சனைக் குறை சொல்லி ஆரம்பித்த வம்பு அது. பிறகு தன் பழைய கட்டுரையிலேயே அப்படி முடிந்த இடங்களைத் திருத்தினார். 1762இல் ராபர்ட் லௌத் என்ற பாதிரியார் இலக்கணம் எழுதியபோது, இந்தப் பழக்கத்தின் பக்கம் ஆங்கிலம் மிகவும் சாய்ந்திருக்கிறது என்றார். வேடிக்கை என்னவென்றால் அந்த வாக்கியமே 'டு' என்றுதான் முடிகிறது! முன்னால் வைப்பது நயமாக இருக்கும் என்றாரே தவிர, அவர் தடை போடவில்லை. பின்னால் வந்தவர்கள்தான் அதைச் சட்டமாக்கினார்கள்.

உன் மகன், 'ப்ரிபோன்' என்று எழுதினால் ஆபீஸில் சிரிக்கிறார்கள் என்கிறானாம். சிரிக்கட்டும். ஆக்ஸ்போர்டு அகராதியில் ஏறிவிட்ட சொல் அது. தள்ளிப்போடப் 'போஸ்ட்போன்' இருக்கும்போது முன்னால் இழுக்க ஒன்று வேண்டாமா? நம் நாட்டில் தாராளமாக எழுதலாம். வெளிநாட்டுக்காரருக்கு மெயில் போனால் மட்டும் 'மூவ் அப்' மாதிரி ஏதாவது வேறு போடச் சொல். 'பாஸ்ட் அவுட் இன் 2004' என்று அவன் பயோடேட்டாவில் இருப்பதை அவசியம் மாற்றச் சொல். பட்டாளத்தில் பயிற்சி முடித்தால் அது சரி, பரங்கிமலையில் நடப்பதும் 'பாசிங் அவுட் பரேட்'தான். மற்றபடி லண்டனிலோ நியூயார்க்கிலோ வாசிப்பவன் பையன் கல்லூரியில் மயங்கி விழுந்தான் என்று நினைப்பான். 'கிராஜுவேட்டட்' போதும்.

'டிஃபரன்ட் ஃப்ரம்' சரியா, 'டு' சரியா என்று நீயே கேட்டிருந்தாய். ஃப்ரம் எங்கும் செல்லும். பிரிட்டனில் டு என்றும் பேசுவார்கள், அமெரிக்காவில் தேன் என்பார்கள். பரீட்சையில் ஃப்ரம் எழுதச் சொல், வம்பில்லை.

பங்குனி உத்திரத்துக்கு ஊருக்கு வருகிறேன். சாஸ்தா கோயிலுக்குச் சேர்ந்தே போவோம், வண்டிக்கு நீ சொல்லி வை. மருந்தை நேரத்துக்கு விட்டுக்கொள். பேத்தி அடுத்த கேள்விகளைத் தன் கையால் எழுதி அனுப்பட்டும், எனக்குப் படிக்கவும் சுலபம்.

அன்புடன்,
ராமலிங்கம்